நாடகக் காதலும் காதல் நாடகமும்

(சங்கத்தின் வெள்ளி விழாவில் நிகழ்த்திய உரை)



‘நாடகமும் நாமும்’ என்னும் பொருள் பற்றிப் பேசுமாறு விழாக் குழுவினர் நம்மைப் பணித்தனர். பொருள் பெரிது, தரப்பட்ட நேரமோ அரைமணி. ஆகவே அம்மரத்தில் ஒரு கிளையை மட்டும் பற்றிக்கொள்கிறோம். காதல் நாடகம் ஏன் சாவதில்லை என்பதே அது. தலைமையாசிரியர் ஒருவர் மேடையேறிப் பேசத்தக்க பொருளா இது என்று முன்வரிசையில் சிலர் புருவம் நெரிப்பது தெரிகிறது. பேசத்தக்கதே. நம் பிள்ளைகள் பாடநூலுக்குச் செலவிடும் நேரத்தைவிடக் காதற்கதைகளுக்குச் செலவிடும் நேரம் அதிகம் என்பதைப் பள்ளியில் பணியாற்றும் எவரும் அறிவர். அவ்வளவு நேரத்தை வாங்கிக்கொள்ளும் ஒன்றைப் பற்றி ஆசிரியன் வாய் திறவாதிருப்பது முறையன்று.

அரசர் கதைகள் வந்தன, போயின. பக்திக் கதைகள் ஓர் அலையாய் எழுந்து அடங்கின. காதற்கதையோ தெருக்கூத்திலிருந்து நாடகக் கொட்டகைக்கும், கொட்டகையிலிருந்து திரைக்கும், திரையிலிருந்து தொலைக்காட்சிக்கும், இன்று உள்ளங்கை அகலமுள்ள கைப்பேசிக்கும் குடிபெயர்ந்து, ஒவ்வோரிடத்திலும் செழிப்பாகவே வாழ்கிறது. இளமைக்குக் காதல் இனிக்கும், பாட்டுக்கு அது இடங்கொடுக்கும், உழைத்துக் களைத்தவனுக்கு அது கவலை மறதி தரும் என்று பொதுவாகக் காரணம் கூறுவர். இவையெல்லாம் உண்மையே. எனினும் அறுபது வயது மூதாட்டி விடிய விடிய வள்ளி திருமணம் பார்த்துக் கண் கலங்குவதற்கு இவை விளக்கமாகமாட்டா.

தொல்காப்பியர் ஓர் இலக்கணம் வகுத்தார். அன்பின் ஐந்திணை பாடும்போது தலைவனையோ தலைவியையோ பெயர் சுட்டிக் கூறலாகாது என்பது அது. அகப்பாடலில் காதலிப்பவனுக்குப் பெயரில்லை. ஆகவே கேட்பவன் எவனும் அங்கே தன்னை வைத்துக்கொள்ளலாம். ஈராயிரம் ஆண்டுகளாகத் தமிழ்க் காதல் இலக்கியத்தைக் காத்துவரும் விதி இதுவே என்பது நம் கருத்து. புறத்திலே ஒருவன் இன்ன குடியினன், இன்ன நாட்டினன், இன்ன போரில் வென்றவன். அகத்திலே அவன் வெறும் மனிதன். அவனை ஒருத்தி தேர்ந்தெடுக்கிறாள். அவனிடமுள்ள பொருளுக்காக அன்று, குலத்துக்காக அன்று, அவனுக்காகவே தேர்ந்தெடுக்கிறாள். தான் தானாகவே தேர்ந்தெடுக்கப்பட வேண்டும் என்னும் ஏக்கம் எந்த வயதிலும் மனித நெஞ்சை விட்டு அகல்வதில்லை. மூதாட்டியின் கண்ணீருக்குக் காரணம் அங்கே இருக்கிறது.

ஆயினும் அதே தொல்காப்பியத்தில் இன்னொரு விதியும் உண்டு. நம் பிள்ளைகள் தமிழ் இலக்கியம் படிக்கச் செல்லும்போது அதையும் அறிந்து செல்ல வேண்டும். அடியோரும் வினைவலரும், அதாவது பிறர்க்கு ஏவல் செய்வோரும் தொழில் செய்து பிழைப்போரும், ஐந்திணைக் காதலுக்குத் தலைமக்கள் ஆகார். அதற்குப் புறம்பான கைக்கிளை, பெருந்திணைகளிலேயே அவர்களுக்கு இடம். பிறர்க்குக் குற்றேவல் செய்வார்க்கு அறம், பொருள், இன்பம் மூன்றிலும் வழுவாது ஒழுகுதல் அரிது என்று உரையாசிரியர் இளம்பூரணர் இதற்குக் காரணமும் காட்டுகிறார். சுருங்கச் சொன்னால், தன் நேரத்துக்குத் தானே உரிமையாளனாக இல்லாதவனுக்குத் தன் நெஞ்சும் உரிமையில்லை. கலித்தொகையில் அரண்மனை ஏவலர்களான ஒரு கூனியும் ஒரு குறளனும் காதல் பேசும் பாடல் ஒன்று இருக்கிறது. படித்துப் பாருங்கள், அது நகைச்சுவையாகவே அமைந்திருக்கிறது. தலைவன் காதலித்தால் கண்ணீர், ஏவலன் காதலித்தால் சிரிப்பு என்னும் இவ்வழக்கம் அன்று தொடங்கி, நாடகத்தின் பபூன் வழியாகத் திரைப்படத்தின் நகைச்சுவை இணைவரை இடையறாது வந்திருக்கிறது.

ஏட்டில் வாயில் அடைபட்டவர்கள் கூத்தில் வேறு வாயில் திறந்தார்கள். காத்தவராயன், மதுரைவீரன், முத்துப்பட்டன் ஆகிய மூவர் கதைகளையும் இங்கே ஒருசேர நினைத்தல் தகும். காத்தவராயன் ஆரியமாலை என்னும் அந்தணர் குலப்பெண்ணைக் காதலித்துக் கழுமரம் ஏறுகிறான். மதுரைவீரன் பாளையக்காரன் பொம்மண்ணனின் மகள் பொம்மியைக் கொண்டு செல்கிறான். முடிவில் மதுரையில் மாறுகால் மாறுகை வாங்கப்படுகிறான். முத்துப்பட்டன் கதை இதன் மறுதலை. அவன் பிராமணன், பொம்மக்கா, திம்மக்கா என்னும் சக்கிலியர் குலச் சகோதரிகளை விரும்புகிறான். பெண்களின் தந்தை என்ன கேட்கிறான் தெரியுமா? பூணூலை அறுத்தெறி, குடுமியைக் களை, தோல் தைத்துச் செருப்புச் செய்து காட்டு என்கிறான். பட்டன் அவ்வாறே செய்கிறான். பாபநாசத்துக்கு மேலே காரையாற்றில் சொரிமுத்து ஐயனார் கோயிலில் பட்டவராயனாக நிற்கும் அவனுக்கு அடியார்கள் இன்றும் செருப்பையே காணிக்கையாக்குகின்றனர். நம்முடைய கைத்தொழில் ஒரு காதற்கதையின் வாயிலாகக் கோயில் காணிக்கை ஆன இடம் அது ஒன்றே என்று கருதுகிறோம்.

இக்கதைகளைக் கூத்தாகவும் வில்லுப்பாட்டாகவும் நம் முன்னோர் எத்தனையோ தலைமுறையாக ஆடியும் பாடியும் கேட்டும் வந்தனர். காத்தவராயன் கூத்து ஈழத்துத் தமிழ் ஊர்களிலும் வேரூன்றியிருக்கிறது. பல ஊர்களில் நம்மவர் பறையடித்தும் பந்தம் பிடித்தும் கூத்து நடத்திக் கொடுத்துவிட்டு, உட்கார்ந்து பார்க்க இடமின்றி ஓரத்தில் நின்றே பார்த்தார்கள். நின்று பார்த்தவர்களின் நெஞ்சில் இக்கதைகள் என்ன செய்திருக்கும் என்பதை எண்ணிப் பாருங்கள். கழுமரம் ஏறியவன் இன்று தெய்வம். ஏற்றிய அரசனின் பெயரைக் கேட்டால் பலருக்குத் தெரியாது.

ஆனால் ஒரு கையால் கொடுத்ததை மறுகையால் வாங்கிக்கொள்ளும் வேலையும் இக்கதைகளில் நடந்திருக்கிறது. மதுரைவீரன் சக்கிலியர் வீட்டில் வளர்ந்தவன்தான், ஆனால் பிறப்பால் அரசகுமாரன் என்கிறது கதையின் தொடக்கம். சோதிடர் சொற்கேட்டுக் காட்டில் விடப்பட்ட குழந்தையாம். காத்தவராயன் சிவபெருமானின் சாபத்தால் மண்ணில் பிறந்தவனாம். பொம்மக்காவும் திம்மக்காவும்கூட உண்மையில் பிராமணப் பெண் குழந்தைகளாம். கதைப்பாடல்களைத் தேடித் தொகுத்துப் பதிப்பித்த பேராசிரியர் நா. வானமாமலை, இப்பிறப்புக் கதைகள் பின்னர் ஒட்டவைக்கப்பட்டவை என்று எடுத்துக்காட்டினார். ஒட்டியவர்களின் நோக்கம் விளங்காததன்று. கதையை அழிக்க முடியவில்லை, மக்கள் விடவில்லை. ஆகவே கதையின் முதற்பக்கத்தை மட்டும் மாற்றிவிட்டார்கள். காதலும் வீரமும் உனக்கு வாய்க்க வேண்டுமானால் நீ உண்மையில் நீயாக இருக்கக்கூடாது என்பதே அம்முதற்பக்கம் சொல்லும் செய்தி.

வள்ளி திருமணமும் இதற்கு விலக்கன்று. சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) எழுதிய நாடகங்களுள் இன்றளவும் மேடையில் உயிரோடிருப்பது அதுவே எனலாம். மதுரை, புதுக்கோட்டை வட்டாரங்களில் திருவிழா என்றால் வள்ளி திருமணம் இல்லாமல் முடியாது. ‘ஸ்பெஷல் நாடகம்’ என்பது அதற்கு வழங்கும் பெயர். நடிகர்கள் ஒரே குழுவினர் அல்லர். ராஜபார்ட் ஓரூரிலிருந்து வருவார், ஸ்திரீபார்ட் வேறோரூரிலிருந்து வருவார், பபூனும் ஆர்மோனியக்காரரும் இன்னும் வேறு ஊர்களிலிருந்து வருவார்கள். ஒத்திகை கிடையாது. பாட்டும் கதைப்போக்கும் எல்லார்க்கும் மனப்பாடம். இடையில் வரும் தர்க்கம் அன்றைய இரவில் பிறப்பது. நாரதருக்கும் வள்ளிக்கும், பிறகு வேலனுக்கும் வள்ளிக்கும் மணிக்கணக்கில் வாதம் நடக்கும். முடிவு எல்லார்க்கும் தெரிந்ததுதான். ஆனாலும் பரணில் நிற்கும் பெண் எப்படி மடக்குகிறாள், கீழே நிற்கும் வேலன் எப்படி மீள்கிறான் என்று பார்க்கவே ஊர் விழித்திருக்கும். சான்றோர் சிலர் இத்தர்க்கத்தைக் கொச்சை என்பர். சில இரவுகளில் அது உண்மையும்கூட.

அந்நாடகத்தின் நடுநாடி என்ன? கடவுள் ஒருவன் தினைப்புனத்துக் குறப்பெண் முன்னே வேடனாகி நிற்கிறான், மரமாகி நிற்கிறான், கிழவனாகித் தள்ளாடுகிறான், பசிக்கிறது என்று கையேந்துகிறான். அவள் கையால் தினைமாவும் தேனும் வாங்கி உண்கிறான். தெய்வானை, போரில் வென்றதற்கு இந்திரன் கொடுத்த மகள். வள்ளியோ எவரும் கொடுத்தவள் அல்லள். அவளிடமே கேட்டுப் பெற வேண்டியவள். கையேந்தி நிற்பதே வாழ்வென்று பழக்கப்பட்ட மக்கள், கடவுளே தம் போன்ற ஒருத்தியிடம் கையேந்தும் காட்சியைக் காண ஆண்டுதோறும் வந்ததில் என்ன வியப்பு? அங்கும் முதற்பக்கம் மாறித்தான் இருக்கிறது. வள்ளி குறவர் பெற்ற மகள் அல்லள், மான் ஈன்று கிழங்கெடுத்த குழியிலே கிடந்தவள், முற்பிறப்பில் திருமாலின் மகள் என்று புராணம் முன்கூட்டியே சொல்லி வைத்துவிட்டது. நாடகம் பார்க்கும் மக்கள் அதைக் காதில் வாங்கிக்கொள்வதாகத் தெரியவில்லை. அவர்களுக்கு அவள் நம்பிராசன் மகள், குறத்தி, அவ்வளவே.

ஒரு சிறு செய்தி. அவ்வள்ளி வேடத்திலும் வேலன் வேடத்திலும் புகழ்பெற்ற கே.பி. சுந்தராம்பாளும் எஸ்.ஜி. கிட்டப்பாவும் வாழ்விலும் சாதி கடந்து காதலித்து இணைந்தவர்கள். கிட்டப்பா 1933ஆம் ஆண்டில் 27 வயதில் மறைந்தார். அம்மையார் 1980 வரை வாழ்ந்தார், வெள்ளையாடையை மாற்றவில்லை.

திரைப்படம் வந்தபோது பார்க்கும் இடம் மாறியது. பேராசிரியர் கா. சிவத்தம்பி 1981ஆம் ஆண்டில் எழுதியதை இங்கே நினைவுகூர்தல் வேண்டும். தமிழர் அனைவரும் ஒரே கூரையின்கீழ் அமர்ந்து பார்த்த முதல் அரங்கம் திரையரங்கமே என்றும், அங்கே இருக்கையைத் தீர்மானித்தது பிறப்பன்று, கையிலுள்ள காசு என்றும் அவர் குறித்தார். காசு பெரிய நீதிபதி அல்லன். ஆனாலும் நின்றே பார்த்தவன் உட்கார்ந்து பார்த்தான். தரை டிக்கெட்டில் மணலைக் குவித்து மேடாக்கி அதன்மேல் அமர்ந்து பார்த்த தலைமுறையினர் இவ்வவையிலும் பலர் இருக்கின்றீர்கள்.

அவ்வாறு உட்கார்ந்து பார்த்த படங்களுள் 1956ஆம் ஆண்டின் ‘மதுரை வீரன்’ தலையாயது. எம்.ஜி.ஆர். வீரன், பானுமதி பொம்மி, பத்மினி வெள்ளையம்மாள், உரையாடல் கண்ணதாசன். அப்படம் எம்.ஜி.ஆர். அவர்களை எந்த மக்களின் நெஞ்சில் கொண்டுபோய் வைத்தது என்பதை நம் தெருக்களின் முதியோர் சொல்வார்கள். ஆனால் வீரனை வளர்க்கும் செருப்புத் தைக்கும் தம்பதியராக நடித்தவர்கள் யார்? கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனும் டி.ஏ. மதுரமும். இருவரும் ஈடிணையற்ற கலைஞர்கள், அதில் ஐயமில்லை. எனினும் அரசகுமாரன் காதலிப்பதற்கு, வளர்த்தவர்கள் சிரிக்க வைப்பதற்கு என்னும் பழைய பங்கீடு அங்கும் கலையவில்லை என்பதை நாம் கவனிக்க வேண்டும். கலித்தொகைக் கூனியும் குறளனும் அரண்மனையை விட்டு வெளியே வந்து ஒரு குடிசையில் அமர்ந்திருக்கிறார்கள், அவ்வளவே வேறுபாடு.

ஆங்கிலம் படித்தவர்கள் உடனே ரோமியோவையும் ஜூலியத்தையும் எடுத்துக்காட்டுவர். ஷேக்ஸ்பியரின் பெருமையில் நமக்குக் குறைவில்லை. ஆனால் அங்கே இரண்டு வீடுகளும் ஒரே நகரத்தின் ஒத்த செல்வர் வீடுகள். இடையில் இருப்பது பகை. பகை ஒருநாள் ஓயும். பிணங்களைக் கண்டபின் அவ்விரு வீட்டாரும் கைகோக்கிறார்கள். நம் நாட்டில் இடையில் இருப்பது பகை அன்று, படி. படி கைகோக்க விடாது. 1936ஆம் ஆண்டு லாகூரில் நிகழ்த்துவதற்கென எழுதப்பட்டு, அழைத்தவர்களே அஞ்சிப் பின்வாங்கியதால் நிகழ்த்தப்படாமற்போன உரையில், சாதிக்கு உண்மையான மருந்து கலப்புமணமே என்று அண்ணல் அம்பேத்கர் எழுதினார். உடனே அடுத்த படிக்கும் சென்றார். மக்கள் ஏன் கலந்து மணப்பதில்லை? அவர்களுடைய சாத்திரங்கள் அதைப் பாவம் என்று கற்பித்திருப்பதால். ஆகவே சாத்திரத்தின் மீதுள்ள நம்பிக்கை முதலில் தகர வேண்டும் என்றார். காதற்கதை அந்நம்பிக்கையில் விழும் சிறு உளி. அதனால்தான் அதற்கு இவ்வளவு காவலும் திருத்தமும்.

இனி இவ்வுரையின் தலைப்புக்கு வருவோம். 2012ஆம் ஆண்டு நவம்பர் 7 அன்று தருமபுரி மாவட்டம் நாயக்கன்கொட்டாய்ப் பகுதியில், ஒரு காதல் திருமணத்தைக் காரணம் காட்டி நம் மக்களின் 200க்கும் மேற்பட்ட வீடுகள் கொளுத்தப்பட்டன. பீரோக்கள் உடைந்தன, பிள்ளைகளின் சான்றிதழ்கள் எரிந்தன. அதை ஒட்டிய காலத்தில்தான் ‘நாடகக் காதல்’ என்னும் சொல் ஊரெங்கும் பரப்பப்பட்டது. நம் இளைஞர்கள் காதலிப்பதில்லை, காதலிப்பது போல் நடிக்கிறார்கள். சட்டையும் கண்ணாடியும் போட்டு ஏமாற்றுகிறார்கள் என்பது அச்சொல்லின் பொருள். அதே ஊர்த் திருவிழாக்களில் வள்ளி திருமணமும் நடக்கிறது, தொலைக்காட்சியில் மதுரை வீரன் படமும் ஓடுகிறது, பார்த்துக் கண்ணீரும் வடிக்கிறார்கள். மேடையில் நடிப்பவனின் காதல் மெய்; தெருவில் வாழ்பவனின் காதல் நடிப்பு! ஏவலனுக்கு உண்மைக் காதல் வாய்க்காது என்ற பழைய விதியைத் தொல்காப்பியம் படியாதவர்களும் எவ்வளவு நன்றாக மனப்பாடம் செய்திருக்கிறார்கள் பாருங்கள். 2016 மார்ச்சில் உடுமலைப்பேட்டைப் பேருந்து நிலையத்தருகே பட்டப்பகலில் பொறியியல் மாணவர் ஒருவர் மனைவியின் கண்முன்னே வெட்டப்பட்டதும் ஒரு காட்சியாகவே நாடெங்கும் பார்க்கப்பட்டது. கண்காணிப்புக் கருவி அதைப் பதிந்திருந்தது.

இவற்றைக் கேட்ட பெற்றோர் என்ன செய்கின்றனர்? பத்தாம் வகுப்போடு பெண்ணை நிறுத்துகிறார்கள். ‘ஐயா, படம் பார்த்துக் கெட்டுப்போகிறது, பெரிய பள்ளிக்கு அனுப்பப் பயமாயிருக்கிறது’ என்று நம் மேசைக்கு முன்னே நின்று மாற்றுச் சான்றிதழ் கேட்ட தந்தையர் பலர். அவர்களுடைய அச்சம் பொய்யன்று. ஆனால் அவர்கள் செய்வது கொலைகாரனுக்குப் பதிலாகக் குழந்தையைத் தண்டிப்பது. வயது வந்த இருவர் மணந்துகொள்ளக் குடும்பமோ குலமோ சம்மதிக்க வேண்டிய தேவையில்லை என்று உச்சநீதிமன்றம் 2018 மார்ச்சில் தெளிவாகத் தீர்ப்பளித்திருக்கிறது. சாதி மத வேறுபாடின்றிப் பதிவுத் திருமணம் செய்ய 1954ஆம் ஆண்டிலேயே சட்டம் வந்துவிட்டது. பெண்ணுக்கு 18, ஆணுக்கு 21 என்னும் வயதெல்லையும் சட்டம் சொல்கிறது. இவற்றைப் பெண்ணுக்குச் சொல்லிக் கொடுப்பதற்கே அவளைப் படிக்க வைக்க வேண்டும். படம் பார்ப்பதைத் தடுத்தால் சட்டம் தெரிந்துவிடாது. காதற்படம் பார்க்கும் பதினைந்து வயதுப் பிள்ளையிடம் ‘பார்க்காதே’ என்று நாம் சொல்வதில்லை. ‘படத்தில் அவன் தந்தை என்ன தொழில் செய்கிறார்? அவள் வீட்டில் யார் வேலை செய்கிறார்கள்? அவர்களுக்குப் பெயர் இருக்கிறதா?’ என்று கேட்டு வரச் சொல்கிறோம். வகுப்பில் அதன்பின் நடக்கும் வாதம் வள்ளி–நாரதர் தர்க்கத்துக்குக் குறைந்ததன்று.

முதற்பக்கத்தைத் திருத்தாத கதைகளும் இப்போது வரத் தொடங்கியிருக்கின்றன. 1997ஆம் ஆண்டு ‘பாரதி கண்ணம்மா’வில் பண்ணையாளாகிய தலைவன் பண்ணையாளாகவே இருந்தான், மறைந்த அரசகுலம் எதுவும் அவனுக்கு வெளிப்படவில்லை. ஆயினும் அவன் காதலியின் சிதையில் விழுந்து சாக வேண்டியிருந்தது. 2004ஆம் ஆண்டின் ‘காதல்’ படத்தில் பட்டறைத் தொழிலாளி சாகவில்லை; அறிவிழந்து தெருவில் அலைந்தான். 2018ஆம் ஆண்டு மாரி செல்வராஜ் இயக்கிய ‘பரியேறும் பெருமாள்’ வந்தது. அதன் நாயகன் சட்டக் கல்லூரி மாணவன். சாகவும் இல்லை, பித்தாகவும் இல்லை, ஒளிந்திருந்த அரசனாகவும் ஆகவில்லை. அவனுடைய தந்தை யார்? பெண் வேடமிட்டு ஆடும் கூத்துக் கலைஞர். பந்தம் பிடித்தும் ஆடியும் ஓரத்தில் நின்ற நம் முன்னோர் ஒருவரே ஒரு காதற்கதையின் நாயகனுக்குத் தந்தையாகத் திரையின் நடுவே வந்து நிற்கிறார்; அவரைப் பார்த்து எவரும் சிரிக்க முடியவில்லை. படத்தின் இறுதியில் இளைஞன் பெண்ணின் தந்தையோடு நேருக்கு நேர் நின்று பேசுகிறான். மேசையில் இரண்டு கண்ணாடிக் குவளைகள் அருகருகே இருக்கின்றன. திருமணம் நடக்கவில்லை, தழுவல் இல்லை, காதல் என்ற சொல்லைக்கூட அவன் சொல்லி முடிக்கவில்லை. ஆனாலும் அண்மைக் காலத்தில் நாம் கண்ட காதல் நாடகங்களுள் அதுவே மேலானது என்பது நம் துணிபு. தனிக்குவளை வைத்திருந்த தேநீர்க் கடைகளை அறிந்தவர்களுக்கு அவ்விரு குவளைகளைப் பற்றி நாம் விளக்க வேண்டியதில்லை.

நேரம் முடிந்ததென்று செயலாளர் கைக்கடிகாரத்தைத் தொட்டுக் காட்டுகிறார். ஒன்று மட்டும் அறிவித்து அமர்கிறோம். இன்றிரவு எட்டு மணிக்கு நம் மாலை வகுப்பு மாணவ மாணவியர் மதுரைவீரன் நாடகம் நடிக்கிறார்கள். காசியரசன் அவையும் சோதிடர் வருகையும் கொண்ட முதற்காட்சியை அவர்கள் நீக்கிவிட்டார்கள். செருப்புத் தைக்கும் திண்ணையில், வீரனை அவன் தாய் பெற்றெடுக்கும் இரவில் நாடகம் தொடங்குகிறது. பொம்மியாகவும் வெள்ளையம்மாளாகவும் நடிப்பவர்கள் பெண் பிள்ளைகளே. அவர்களுடைய பெற்றோர் தயவுசெய்து முன்வரிசையில் வந்து அமருமாறு விழாக் குழுவின் சார்பில் கேட்டுக்கொள்கிறோம்.